கேட்டு மூடியிருக்கும்போது

பேரு தேசிங்கு.
குதிரை, ஒரு பழைய டிவிஎஸ் ஐம்பது.
பின்சீட்டில் நான், மடியில் சோற்றுக்கூடை.

கொருக்குப்பேட்டை கேட்டு இறங்கும்.
இவர் வண்டியை அணைத்து இடதுகாலை ஊன்றுவார்.
மணலிக்குப் போகும் எண்ணெய் வேகன்கள்
ஐம்பத்திரண்டு. எண்ணியிருக்கிறேன்.
அதற்கும் பிறகு ஒற்றை இன்ஜின் ஒன்று
எதையோ மறந்துவைத்ததுபோல் திரும்பி வரும்.
கேட்டு ஏறும்.
"பாத்தியா, கண்ண மூடித் தொறக்கறதுக்குள்ள" என்பார்.
நாற்பது நிமிஷம் ஆகியிருக்கும்.

ஸ்டான்லியில் காட்டினோம்.
காலை ஐந்தரைக்கு வரிசை,
பகல் ஒன்றே முக்காலுக்குக் கூப்பிட்டார்கள்.
"வந்ததும் கூப்டீங்களே சார், நல்ல ஆஸ்பத்திரி" என்றார்.
அந்தச் சின்ன டாக்டர் பேனாவைக் கீழே வைத்தார்.

காத்திருப்பு மட்டும் இவருக்குள் இறங்குவதில்லையாம்.
கண் திறந்திருக்கும், பேசினால் ஊம் கொட்டுவார்,
உள்ளே நேரம் ஒரு சொட்டுகூட விழாது.
காத்திருப்புக் குருடு என்று சீட்டில் எழுதினார்.
மாத்திரை கிடையாது.
எங்க பக்கம்தான் அதிகமா சார், என்றேன்.
சிரித்தார். பிறகு சிரிக்காமல்
தண்டையார்பேட்டையில் பதினொன்று,
எண்ணூரில் இருபது, என்றார்.
அடையாறுல?
"இருந்தாலும் தெரியாதும்மா.
அவங்க எங்க அவ்ளோ நேரம் நிக்கறாங்க."

தெருவே பொறாமைப்பட்டது.
தண்ணி லாரிக்குக் குடங்களோடு இவரை நிறுத்தினார்கள்.
ரேஷனுக்கு, பட்டாவுக்கு,
ஜட்ஜ் லீவு போடும் வழக்குக்கு.
யார் யாருடைய மணிக்கணக்கோ இவர் தலையில்.
வெயிலில் தோல் கறுத்தது, இவருக்குத் தெரியவில்லை.

ஒருநாள் காலண்டர் தாளின் பின்பக்கம்
கணக்குப் போட்டேன்.
ஐம்பத்திமூன்று வயசு.
கம்பெனி வாசலில் கூலிக்கு நின்றது,
குடம், கேட்டு, டோக்கன் எல்லாம் கழித்தால்
இருபத்தொன்பது.
எனக்கு நாற்பத்தெட்டு, நிமிஷம் குறையாமல்.
கட்டிக்கும்போது என்னைவிட அஞ்சு வயசு பெரியவர்.

இது யாருக்கும் தெரியாது:
கேட்டு இறங்கியதும்
அவர் முதுகில் வாயை வைத்துப் பேச ஆரம்பிப்பேன்.
சீட்டுப் பணத்தில் நாலாயிரம் தம்பிக்குக் கொடுத்ததை.
உங்க அக்காவைப் பார்த்தாலே எனக்கு ஆகாது என்பதை.
மூணாவதாகத் தங்கியதை
ராயபுரத்தில் தனியாகப் போய்க் கலைத்துவிட்டு
அன்று சாயங்காலமே வஞ்சிரம் வறுத்துப் போட்டதை.
ஊம், என்பார்.
வேகன் ஓடும் சத்தத்தில்
நான் சொல்வது எனக்கே பாதிதான் கேட்கும்.
யோவ், போன மழையில உன்ன விட்டுப் போவ
பை கட்டி வச்சேன்யா, என்றபோதும்
ஊம்.
கேட்டு ஏறும்.
எதுவும் நடக்காததாகிவிடும்.
மார்க்கெட் தாண்டுவதற்குள் எனக்குப் பசிக்கும்.

இப்போது பாலம் கட்டுகிறார்கள்.
ரெண்டே நிமிஷத்தில் தாண்டலாமாம்.
முளைத்துவரும் தூண்களை
வீட்டைக் காலி செய்யச் சொன்னவனைப்போல்
பார்த்துக்கொண்டு போகிறேன்.

போன வியாழக்கிழமை அடுத்தடுத்து மூன்று வண்டி.
நிறையப் பேசிவிட்டேன்.
பை கட்டியதை மறுபடி, ஏன் அவிழ்த்தேன் என்பதையும்.

கேட்டு ஏறியது.
பின்னால் அத்தனை ஹாரனும் அலறியது.
பெடலை மிதித்தவர்
"பாத்தியா, கண்ண மூடி..." என்று நிறுத்தினார்.
கையைப் பின்னால் வளைத்து முதுகைத் தடவினார்.
"சட்டை இன்னாமே நனைஞ்சிருக்கு, மழை பேஞ்சுதா?"

கூடையில பாட்டிலு சரியா மூடல, என்றேன்.

ஊம், என்றார்.
வண்டி தண்டவாளத்தில் ஏறியது.
எப்போதும் குலுக்கித் தள்ளுகிற அந்த நாலு இடத்திலும்
அன்று
முட்டை ஏற்றிப் போகிறவரைப்போல் ஓட்டினார்.